காரணம் எழுதிய எறும்புத்தின்னி

ஒரு காட்டில் புலிக்குப் பயந்தவர்களைவிட ரப்பர் ஸ்டாம்புக்குப் பயந்தவர்கள் அதிகம். புலி பசித்தால்தான் வரும். ஸ்டாம்பு அப்படியல்ல. குளத்தில் தண்ணீர் குடிக்க, கிளையில் கூடு கட்ட, பிறந்ததற்கு, செத்ததற்கு என்று எல்லாவற்றுக்கும் அது விழுந்தாக வேண்டும். விழாவிட்டால் பிறந்தவர் பிறக்காதவர். செத்தவர் மறுநாளும் வந்து வரிசையில் நிற்க வேண்டியவர்.

அந்தக் காட்டின் தெற்குச் சரிவில், செம்மண் மேட்டில், செதிலி என்றொரு எறும்புத்தின்னி தன் அம்மாவோடு ஒரு வளையில் வாழ்ந்துவந்தாள். உடம்பெல்லாம் ஓடு வேய்ந்ததுபோலச் செதில்கள். குணம் மட்டும் தொட்டாற்சிணுங்கி. யாராவது குரலை உயர்த்தினால் போதும், தலையை வயிற்றுக்குள் நுழைத்து, வாலைச் சுற்றிப் பந்தாகிவிடுவாள். சத்தம் அடங்கி வெகுநேரம் கழித்துத்தான் மூக்கு மெல்ல வெளியே வரும்.

போன மழையில் அந்த மேடு சரிந்தது. செதிலியின் தம்பி உருளி அடுத்த அறையில் தூங்கிக்கொண்டிருந்தான். அம்மாவும் அக்காவும் நகம் பிய்ய மண்ணைப் பிறாண்டினார்கள். கிடைத்தபோது அவன் பந்தாகச் சுருண்டிருந்தான். பயம் வந்தால் சுருண்டுகொள் என்று அவனுக்குச் சொல்லிக்கொடுத்தவள் செதிலிதான்.

அன்றிலிருந்து அவளுக்கு ஒரே நினைப்பு. வளை ஏன் இடிகிறது, எப்படித் தோண்டினால் இடியாது என்று படித்துவிட வேண்டும். மலையடிவாரக் கல்லூரியில் அதற்கென்றே வளைக் கட்டுமானப் படிப்பு ஒன்று இருந்தது. அதைப் படித்தவரின் கையெழுத்து இல்லாமல் யாரும் தன் வளையில் ஒரு பிடி மண்ணைக்கூடத் தள்ளக் கூடாது என்பது காட்டுச் சட்டம். தள்ளினால் வளை பறிமுதல். அதனால், அம்மாவின் அறைக்கு மேலே விரிசல் ஓடுவது தெரிந்தும், ஒரு கட்டையை முட்டுக் கொடுத்துவிட்டு இருவரும் அண்ணாந்து பார்த்தபடியே படுத்திருந்தார்கள்.

படிப்புக்கு விண்ணப்பிப்பதே ஒரு படிப்பு. கையில் கொண்டுபோய்க் கொடுத்தால் வாங்கமாட்டார்கள். சிலந்தியின் வலையில்தான் பதிய வேண்டும். காலையில் போனால் வலை இன்னும் பின்னி முடியவில்லை. மதியம் போனால் கூட்டம். சாயங்காலம் போனால் கிழிந்து தொங்கும். "சர்வர் டவுன்" என்று சிலந்தி எட்டுக் கால்களையும் விரித்துக் காட்டும். செதிலி சளைக்காமல் போய்ப் போய்ப் பதிந்தாள்.

நுழைவுத் தேர்வன்று கல்லூரித் திடலில் எல்லாரையும் குழி தோண்டச் சொன்னார்கள். செதிலி தோண்டியதைச் சோதிக்க உள்ளே போன முயல், திரும்பி வரவே மனமில்லாமல் வந்தது. "கொஞ்சம் படுத்துப் பார்த்தேன்" என்று காதைச் சொறிந்தது. மயில் தன் குழிக்குப் பக்கத்தில் தோகை விரித்தது. குழி எங்கே என்று கேட்டதற்கு, தோகைக்குப் பின்னால் இருப்பதாகச் சொன்னது. குயில் யாரோ தோண்டிய குழியில் போய் உட்கார்ந்துகொண்டு, இது தன்னுடையது என்றது.

முடிவு வந்தது. மயிலுக்கு இடம். குயிலுக்கு இடம். ஆற்றைவிட்டு வெளியே வந்தால் மூச்சு நின்றுவிடும் கெளுத்தி மீனுக்குக்கூட இடம். செதிலியின் பெயருக்கு எதிரே ஒரே ஒரு சொல்: 'மறுக்கப்பட்டது.'

செதிலி சேர்க்கை அதிகாரியைப் பார்க்கப் போனாள். அதிகாரி ஒரு மரநாய். பெயர் புனுகர். மேலெல்லாம் வாசனை கமழ, எப்போதும் சிரித்த முகம்.

"சார், என் பேருக்கு நேரா மறுக்கப்பட்டதுன்னு போட்டிருக்கு."

"ஆமாம்மா, நான்தான் போட்டேன். எழுத்து தெளிவா இருக்கா?"

"இருக்கு சார். ஏன்னுதான் தெரியல."

"ஏன்னு தெரியணும்னா மேல்முறையீடு பண்ணணும். அது பக்கத்து ரூம். வரிசையில நில்லு."

நின்றாள். முன்னால் ஒரு காட்டுப்பன்றி, அதற்கு முன்னால் இரண்டு கௌதாரிகள், இப்படி நீண்டிருந்தது வரிசை. அவள் முறை வந்து கதவைத் தள்ளினால், மேசைக்குப் பின்னால் அதே புனுகர். தோளில் ஒரு சால்வை மட்டும் கூடுதலாக இருந்தது.

"சார், நீங்க இப்பதான்..."

"எந்த சார்? அந்த ரூம்ல இருக்கிறவர் சேர்க்கை அதிகாரி. நான் மேல்முறையீட்டு அதிகாரி. அவரும் நானும் பேசிக்கிறதே இல்லை."

"அவர் செஞ்சது தப்புன்னு மனு கொடுக்க வந்தேன் சார்."

"தப்பா? அவரா?" புனுகர் மேசையில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினார். "அவரைச் சின்ன வயசுலேர்ந்து எனக்குத் தெரியும். தப்பே பண்ணமாட்டார்!"

மேசை அதிர்ந்த அதிர்ச்சியில் செதிலி பந்தாகிவிட்டாள். புனுகர் அவளைச் சற்று நேரம் பார்த்துவிட்டு உத்தரவு எழுதினார்: 'மனுதாரர் நேரில் ஆஜரானார். சொல்வதற்கு எதுவும் இல்லாமல் உருண்டையாக இருந்தார். மேல்முறையீடு தள்ளுபடி.' பிறகு அந்த உத்தரவை அவள் செதில் இடுக்கில் செருகி, மெதுவாக வெளியே உருட்டிவிட்டார்.

அப்படி உருண்டவள் வந்து நின்ற இடம் கோர்ட்டுக் குளத்தின் கரை. அங்கே ஒரு கொக்கு ஒற்றைக் காலில் நின்றுகொண்டிருந்தது. காட்டிலேயே பெயர் பெற்ற வக்கீல் அந்த அம்மாள். செதிலியின் மூக்கு வெளியே வரும்வரை காத்திருந்து, உத்தரவை வாங்கிப் படித்தார்.

"சரியான கேஸு. கோர்ட்ல ரிட் மனு போடலாம்" என்றார்.

"நீங்க எப்பவும் ஒத்தைக் கால்லயே நிப்பீங்களா வக்கீலம்மா?"

"இன்னொண்ணு அடுத்த வாய்தாவுக்கும்மா."

அந்தக் காட்டின் நீதிபதி ஒரு காட்டெருமை. எந்த வழக்கையும் அவசரப்பட்டு விழுங்கமாட்டார். வாங்கி வைத்துக்கொண்டு, ஆலமரத்தடியில் கண்ணை மூடி அசைபோடுவார். சில வழக்குகள் தலைமுறை தாண்டியும் அவர் கடைவாயில் இருந்தன. செதிலியின் வழக்கு இளம் புல் என்பதாலோ என்னவோ, சில வாய்தாக்களிலேயே விசாரணைக்கு வந்துவிட்டது. டவாலி மரங்கொத்தி மரத்தில் தட்டி அவள் பெயரைக் கூப்பிட்டது. தட்டிய சத்தத்தில் அவள் பாதி சுருண்டு, வக்கீலம்மா அலகால் நிமிண்டியதும் நிமிர்ந்தாள்.

கொக்கு எழுந்து வாதாடியது. மயிலுக்கு வளையே கிடையாது, குயிலுக்குக் கூடே கிடையாது, என் கட்சிக்காரருக்கு மட்டும்தான் தோண்டத் தெரியும் என்றது. நீதிபதி கையை உயர்த்துவதற்குப் பதிலாக ஒரு கொம்பை உயர்த்தினார்.

"அன்று நான் அந்தத் திடல் பக்கம் மேயப் போயிருந்தேன். இந்தப் பெண் தோண்டியதைப் பார்த்தேன். அருமையான வளை."

செதிலிக்கு நெஞ்சு துள்ளியது.

"ஆனால், அது மாடாக நான் பார்த்தது. நீதிபதியாக நான் எதையும் பார்க்கவில்லை. யாருக்குத் தகுதி இருக்கிறது, யாருக்கு இல்லை என்பதெல்லாம் படித்தவர்கள் பாடு. கல்லூரிக்குள் இந்த கோர்ட் கொம்பை நுழைக்காது. இல்லை என்று சொன்னார்களே, அதை முறையாகச் சொன்னார்களா? அதை மட்டும்தான் நான் பார்க்க முடியும்."

"முறையாகச் சொல்லவில்லை, கனம் நீதிபதி அவர்களே! மறுத்தவரே சால்வை போட்டுக்கொண்டு வந்து, மறுத்தது சரி என்கிறார்."

நீதிபதி நெடுநேரம் மென்றார். "தன் காரியத்தில் தானே நடுவராக உட்காரக் கூடாது. அந்த உத்தரவை ரத்து செய்கிறேன். மேல்முறையீட்டை வேறு ஆட்கள் புதிதாக விசாரிக்க வேண்டும்."

கொக்கு இரண்டு சிறகையும் அடித்துக்கொண்டது. "ஜெயிச்சிட்டோம்!"

செதிலி மேட்டுக்கு ஓடினாள். அம்மா முட்டுக் கட்டையைக் கையால் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள்.

"என்னடி, சீட்டு கிடைச்சிடுச்சா?"

"இல்லம்மா. ஜெயிச்சிருக்கோம்."

"ஜெயிச்சா என்ன கிடைக்கும்?"

"மறுபடி மனு கொடுக்கலாம்."

அம்மா மேலே ஓடிய விரிசலைப் பார்த்தாள். "நாம ஜெயிச்சது இதுக்குத் தெரியுமா?" என்று கேட்டாள்.

கல்லூரி ஒரு குழுவைப் போட்டது. குழுவில் ஓர் உடும்பு, ஓர் ஆந்தை, ஒரு நத்தை. "நான் குழுவில இல்லம்மா. மூணு பேருக்கும் டீ வாங்கிக் கொடுக்கிறவன், அவ்வளவுதான்" என்றார் புனுகர். விசாரணை பகலில் நடந்ததால் ஆந்தை தூங்கியது. நத்தை வந்துகொண்டிருப்பதாகத் தகவல். உடும்பு முதலில் எதைப் பிடித்ததோ அதையே பிடித்துக்கொண்டிருக்கும் சுபாவம். அது முதலில் பிடித்தது புனுகர் நீட்டிய பழைய உத்தரவை. செதிலி இந்த முறை சுருளாமல் பல்லைக் கடித்துக்கொண்டு, பல் இல்லாததால் ஈறைக் கடித்துக்கொண்டு, மண்ணைப் பற்றியும் தண்ணீர் கசியும் வழியைப் பற்றியும் தனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னாள். சொல்லி முடித்தபோது ஆந்தை குறட்டை விட்டது. உத்தரவு வந்தது: 'முன்பு சொல்லப்பட்ட காரணங்களுக்காக மறுக்கப்படுகிறது.'

மறுபடியும் குளக்கரை, மறுபடியும் கொக்கு. ஆனால் கொக்குக்கு அந்தப் பருவம் மீன் அதிகம், கேஸும் அதிகம். "உனக்குத்தான் விவரம் தெரியுதே, மனுவை நீயே எழுதிக் கொண்டுவாம்மா. நான் கையெழுத்துப் போட்டுத் தர்றேன்" என்றார். செதிலி எழுதினாள். எழுத எழுத அவளுக்கு ஒன்று புரிந்தது. பேசினால்தான் அவளுக்குச் சுருளத் தோன்றியது. எழுத்து அவளைப் பார்த்துக் கத்தவில்லை. மேசையைத் தட்டவில்லை. நாக்கைப் போலவே பேனாவும் எந்தச் சந்திலும் நுழைந்து, வேண்டியதை இழுத்துக்கொண்டு வந்தது. அந்த மனுவைப் படித்துவிட்டுக் கொக்கு, "அடேயப்பா" என்றது.

நீதிபதியும் மனுவை ரசித்துப் படித்தார். பிறகு குழுவின் உத்தரவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். 'முன்பு சொல்லப்பட்ட' காரணத்தைத் தேடி முன்னால் போனார். முன்னால் ஒன்றும் இல்லை.

"வாலைப் பிடித்துக்கொண்டே போனால் கடைசியில் மாடு இருக்க வேண்டும். இங்கே வால் மட்டும்தான் இருக்கிறது. மறுப்பதானால் காரணம் எழுத வேண்டும். காரணத்தை நான் சரியா தப்பா என்று பார்க்கமாட்டேன். ஆனால் காரணம் இருக்க வேண்டும். அடுத்த வாய்தாவுக்குள் எழுதாவிட்டால் கல்லூரிக்காரர்கள் பட்டியில் அடைபடுவார்கள்."

"மறுபடி ஜெயிச்சிட்டோம்!" என்றது கொக்கு.

இதற்குள் மயில் முதலாண்டை முடித்துவிட்டது. பயிற்சிக்காக வளைகளைச் சோதித்துச் சான்றிதழ் தரும் வேலையில் அதைப் போட்டிருந்தார்கள். செதிலியின் வளைக்கும் வந்தது. தோகை உள்ளே நுழையாததால் வெளியில் நின்றே எட்டிப் பார்த்து, 'நல்ல நிலையில் உள்ளது' என்று எழுதி, ஸ்டாம்பு குத்திவிட்டுப் போனது. அந்த வாரமே விரிசலிலிருந்து ஒரு பாளம் விழுந்து அம்மாவின் பின்னங்காலை நசுக்கியது. "நல்லவேளை, ஸ்டாம்பு குத்தின தாள் மேல விழல" என்றாள் அம்மா.

காலுக்குப் பச்சிலை வைத்துக் கட்டிக்கொண்டிருந்த ஒரு மத்தியானம், புனுகர் மேடேறி வந்தார். சால்வை இல்லை. முகத்தில் சிரிப்பும் இல்லை. வியர்வை மட்டும் வாசனையைத் தாண்டி அடித்தது.

"ஏம்மா, உள்ளே வரலாமா?"

"மெதுவா வாங்க சார். மேலே இடிக்காதீங்க."

புனுகர் குனிந்து வந்து உட்கார்ந்தார். "கல்லூரியில எல்லாருமாச் சேர்ந்து உக்காந்து பார்த்துட்டோம். உன்னை மறுக்கிறதுக்கு ஒரு காரணம் கிடைக்கல."

செதிலியின் கண் விரிந்தது. "அப்படின்னா சீட்டுக் கொடுத்திடலாமே சார்?"

"அதெப்படி? முடிவு எடுத்தாச்சே. முடிவு இருக்கு, காரணம்தான் இல்லை." அவர் குரலைத் தாழ்த்தினார். "உன் மனுவைப் படிச்சேன். அப்படி எழுதுற ஆள் எங்ககிட்ட யாருமில்லை. அதனால கல்லூரியில புதுசா ஒரு போஸ்ட் போட்டிருக்கோம். காரணம் எழுதுநர். நிரந்தர உத்தியோகம். நீ வர்றியா?"

"என்னை மறுக்கிறதுக்கு நானே காரணம் எழுதணுமா?"

"உன்னைன்னு ஏன் நினைக்கிற? ஆபீஸ்ல உக்காந்திருக்கும்போது நீ காரணம் எழுதுநர். வெளியே வந்தா மனுதாரர். ரெண்டு பேரும் பேசிக்க வேண்டாம்." பிறகு அவசரமாகச் சேர்த்துக்கொண்டார்: "ஆனா மனுவை வாபஸ் வாங்கிடாதேம்மா. வாங்கிட்டா மறுக்க ஆளில்லாம போஸ்டே போயிடும்."

செதிலிக்குக் கோபம் வந்தது. சுருண்டுகொள்ளும் கோபம் அல்ல, விரிந்துகொள்ளும் கோபம். "வேண்டாம் சார். நீங்க கிளம்புங்க" என்றாள்.

புனுகர் எழுந்தார். வாசல்வரை போய்த் திரும்பினார். "குவார்ட்டர்ஸ் உண்டு. மலை மேல. பாறைக்குகை."

மேலிருந்து ஒரு சிட்டிகை மண் உதிர்ந்து அம்மாவின் கட்டுப் போட்ட காலில் விழுந்தது.

"முழுப் பாறையா, இல்ல நடுவுல மண்ணா?" என்று அம்மா புனுகரைக் கேட்டாள்.

"முழுப் பாறைதாம்மா. இடி விழுந்தாலும் அசையாது."

அம்மா மகளின் முகத்தைப் பார்க்கவில்லை. உருளி படுத்திருந்த அறைப் பக்கம், மண் மூடிக் கிடந்த சுவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். செதிலி அம்மாவைப் பார்த்தாள், சுவரைப் பார்த்தாள். "எப்போ வந்து சேரணும் சார்?" என்றாள்.

கல்லூரியில் அவளுக்கு மேசை போட்டார்கள், மை கொடுத்தார்கள். புனுகர் கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுப் போனார். செதிலி முதலில், 'மனுதாரருக்குத் தோண்டத் தெரியாது' என்று எழுதினாள். பொய் என்று அடித்தாள். 'இடம் இல்லை' என்று எழுதினாள். கெளுத்தி மீன் ஒருநாள்கூட வகுப்புக்கு வந்ததில்லை என்பது நினைவு வந்து அதையும் அடித்தாள். தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். காரணம் என்பது பாறை மாதிரி இருந்தது. எங்கே நகத்தை வைத்தாலும் வழுக்கியது.

அப்போதுதான் அவள் தோண்டுகிறவள் மாதிரி யோசித்தாள். நேரே போக முடியாத இடத்தில் சுற்றிக்கொண்டு போக வேண்டும். பேனாவை எடுத்தாள்.

'தோண்டக் கற்றுத்தரும் படிப்பு, தோண்டத் தெரியாதவர்களுக்கானது. மனுதாரருக்கு நன்றாகவே தோண்டத் தெரியும் என்பதை அவரே தம் மனுவில் ஒப்புக்கொண்டுள்ளார். ஏற்கெனவே தெரிந்தவருக்கு இடம் ஒதுக்குவது, தெரியாதவரின் வாய்ப்பைப் பறிப்பதாகும்.'

படித்துப் பார்த்தாள். எங்கும் மண் உதிரவில்லை. அவளுக்கு முதுகுச் செதில்கள் சிலிர்த்தன. அடுத்த பத்தி தானாக வந்தது. அதற்கடுத்தது வந்தபோது பேனா நின்றது. அந்தக் காரணம் நல்ல காரணம் என்று அவளுக்குத் தெரிந்தது. மற்ற எல்லாவற்றையும் தாங்குகிற நடுத்தூண் அதுதான் என்றும் தெரிந்தது. எழுதினாள்.

'வளை இடிந்ததில் மனுதாரர் தம் தம்பியை இழந்தவர். இத்தகையவர் வளைகளைப் பற்றிப் பதற்றமின்றியும் நடுநிலையோடும் பயில இயலாது.'

'தம்பியை' என்ற சொல் உத்தரவில் துருத்திக்கொண்டு நின்றது. அதை அடித்துவிட்டு 'உறவினர் ஒருவரை' என்று மாற்றினாள். இப்போது வாக்கியம் ஒழுங்காக உட்கார்ந்தது. உத்தரவு முழுவதையும் ஒருமுறை வாசித்தாள். இவ்வளவு நன்றாக வேறு யாரும் எழுதியிருக்க முடியாது என்று நினைத்தாள். நினைத்தது குறித்து வெட்கமாக இருந்தது. இருந்தும் இன்னொரு முறை வாசித்தாள்.

வாய்தா நாளில் ஆலமரத்தடி நிரம்பி வழிந்தது. நீதிபதி உத்தரவை வாங்கிப் படிக்கத் தொடங்கினார். முதல் பக்கத்தில் மெல்லுவதை நிறுத்தினார். இரண்டாம் பக்கத்தில், "ஆஹா" என்றார். சில வரிகளை இரண்டு தரம் வாய்விட்டுப் படித்தார்.

"என் அனுபவத்தில் இந்தக் காட்டில் ஓர் அலுவலகம் இப்படியொரு உத்தரவு எழுதி நான் பார்த்ததில்லை. எழுதியவர் யார்?"

புனுகர் பெருமையோடு செதிலியை முன்னால் தள்ளினார்.

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. கொக்கு பதறிப்போய்க் காலை மாற்றிக்கொண்டு நின்றது. "கனம் நீதிபதி அவர்களே, இவர் என் கட்சிக்காரர்! தன் காரியத்தில் தானே நடுவராக உட்காரக் கூடாது என்று தாங்களே சொல்லியிருக்கிறீர்கள்!"

நீதிபதி கண்ணை மூடினார். கடைசியில் கண் திறந்தது.

"சொன்னேன். ஏன் சொன்னேன்? தன் காரியம் என்றால் தனக்குச் சாதகமாக எழுதிக்கொள்வார்கள் என்பதால். இவரோ தனக்கு எதிராக எழுதியிருக்கிறார். தனக்கே இடமில்லை என்று எழுதுகிறவரைவிட நடுநிலையாளர் இந்த உலகத்தில் உண்டா?"



நீதிபதி செதிலியைப் பார்த்துக் கனிவாகக் கேட்டார்: "இப்போது மனுதாரராகச் சொல் அம்மா. இந்த உத்தரவில் ஏதாவது குறை உண்டா? ஒரே ஒரு குறை காட்டு. அனுப்பிய வழியே திருப்பி அனுப்பிவிடுகிறேன்."

செதிலி உத்தரவைக் கையில் வாங்கினாள். நடுப்பத்தி கண்ணில் பட்டது. உறவினர் ஒருவர். அவன் பெயர் உருளி, வளை இடிந்து அவன் போனதால்தான் நான் படிக்க வந்தேன், இது காரணமே இல்லை என்று சொல்ல வாய் வரை வந்தது. சொன்னால் தூண் சரியும். தூண் சரிந்தால் உத்தரவு சரியும். உத்தரவு சரிந்தால் எழுதியவர் சரியில்லை என்றாகும். மலை மேல் பாறைக்குகையில் அம்மா அப்போது தன் ஈச்சம்பாயை எங்கே விரிப்பது என்று பார்த்துக்கொண்டிருப்பாள்.

அதோடு, அது நிஜமாகவே நல்ல பத்தி.

"ஒரு குறையும் இல்லைங்க ஐயா" என்றாள். அவள் சுருளவில்லை. கோர்ட்டில் அவள் குரல் கணீரென்று கேட்டது அன்றைக்குத்தான்.

"மனு தள்ளுபடி" என்றார் நீதிபதி. எழுந்து போகும்போது அவள் பக்கத்தில் ஒரு கணம் நின்றார். "மாடாகச் சொல்கிறேன், எனக்கு வருத்தமாக இருக்கிறது" என்று மெல்லச் சொன்னார். பிறகு உரக்க, "உத்தரவின் நகலை எல்லா அலுவலகங்களுக்கும் மாதிரியாக அனுப்பிவையுங்கள்" என்றார்.

அந்த ஆண்டு மழை முன்னாலேயே பிடித்துக்கொண்டது. பாறைக்குகையில் அம்மா கால் நீட்டி, கண்ணை மூடித் தூங்கினாள். அண்ணாந்து பார்க்காமல் தூங்குவது எப்படி என்று பழகவே அவளுக்குச் சில நாள் பிடித்தது. கீழே சரிவில் யார் யாரோ மண்ணை வாரிக் கொட்டிக்கொண்டிருந்தார்கள். உயரத்திலிருந்து பார்க்கும்போது அது சுறுசுறுப்பாக ஏதோ கட்டுகிறவர்கள் மாதிரித் தெரிந்தது.

மழை விட்டதும் மனுக்கள் வந்தன. புனுகர் அவற்றைக் கட்டாக எடுத்துவந்து, டீயோடு மேசையில் வைத்து, "மேடம், மெதுவாப் பாருங்க, அவசரமில்லை" என்றார். மேலே இருந்தது ஒரு முள்ளம்பன்றியின் மேல்முறையீடு. வளை இடிந்து இரண்டு குட்டிகள் போய்விட்டனவாம். மிச்சமிருக்கும் ஒன்றுக்காக வளைக் கட்டுமானம் படிக்க வேண்டுமாம். எழுத்துப் பிழை நிறைய. இருந்தாலும் நல்ல மனு.

செதிலி அதை முழுவதும் படித்தாள். படிக்கும்போது ஒரு சொட்டுக் கண்ணீர் விழுந்து மை கலைந்தது. அதை ஒற்றியெடுத்தாள். புதுத் தாள் ஒன்றை எடுத்து, அழகாக எழுதத் தொடங்கினாள்:

'மனுதாரரின் துயரத்தை இந்தக் குழு முழுமையாக உணர்கிறது. அவருடைய ஆர்வம் உண்மையானது, பாராட்டத்தக்கது. எனினும்,'

நீதி: கதவைத் தட்டத் தெரிந்தால் மட்டும் போதாது, அது ஏன் திறக்காது என்று எழுதத் தெரிந்தால் உள்ளேயே குவார்ட்டர்ஸ் உண்டு.